கேட்டது, கொடுத்தது

அந்த ஆபீசில் சாகாத பிராணி என்று ஒன்றுதான் இருந்தது. அது ஏழாம் நம்பர் போனில் இருந்தது.

மற்ற ஆறு போன்களிலும் உருண்டைகள் தினமும் செத்துப் பிழைத்தன. பட்டினி போட்டு ஒன்று, குளிப்பாட்டாமல் ஒன்று, தூங்கவிடாமல் ஒன்று என்று வகைவகையாகக் கொன்று, தாளில் டிக் போட்டுவிட்டு டீ குடிக்கப் போவார்கள். பயப்பட வேண்டாம். மலிவான தொடுதிரை போன்களுக்கு வளர்ப்புப் பிராணி விளையாட்டு செய்கிற கம்பெனி அது. டயர் கடைக்கு மேலே ஒன்றரை அறை. நான்கு மேஜைகள். அதில் ஒன்று படம் வரைந்தவருடையது. அவர் படங்களைக் கொடுத்துவிட்டு வேறு வேலைக்குப் போய்விட்டதால் அதன் மேல் இப்போது தண்ணீர்க் கேன் உட்கார்ந்திருந்தது.

உருண்டைக்கு ஆதியில் நான்கு கால், ஒரு வால், இரண்டு காது எல்லாம் இருந்தன. ஆனால் அந்த மாதிரி போனில் இடம் என்பது பஸ்ஸில் ஜன்னல் சீட்டு மாதிரி, கிடைத்தால் அதிர்ஷ்டம். ஒரு நல்ல போட்டோ பிடிக்கிற இடத்தில் பாதிகூட இந்த முழு விளையாட்டுக்கும் கிடையாது. அதனால் முதலில் வால் போனது. பிறகு காது போனது. கடைசியில் கால்களும் போய், இரண்டு கண்ணும் ஒரு வாயும் உள்ள உருண்டை மிஞ்சியது. அதற்கு ஆறே ஆறு படங்கள்: விழித்திருப்பது, தூங்குவது, வாயைத் திறப்பது, முகத்தைச் சுளிப்பது, துள்ளுவது, கண்மூடிக் கிடப்பது.

விதிகளை எழுதியவள் அவள். அந்த ஆபீசில் கம்ப்யூட்டர் கோடு எழுதுகிறவள் அவள் ஒருத்திதான். எட்டு மணி நேரத்துக்கு ஒருமுறை உருண்டைக்குப் பசிக்கும். பசித்தால் போன் ஒரு தடவை அதிர்ந்து, முகத்தைச் சுளித்துக்கொண்டு கேட்கும். கேட்ட பிறகு கொடுத்தால் துள்ளும். கேட்காதபோது கொடுத்தால் வாயைத் திறந்து மூடும், அவ்வளவுதான், துள்ளாது. ஐந்து நாள் கண்டுகொள்ளாமல் விட்டால் செத்துப்போகும். ஆபீசில் சோதிக்கும்போது போனின் தேதியைத் தள்ளிவைத்து அந்த ஐந்து நாளை ஐந்து நிமிஷமாக்கிவிடுவார்கள். செத்த பிறகு ஒரு பக்கம் வரும். அதில் பெயர், எத்தனை நாள் இருந்தது, எத்தனை தடவை கேட்டது, எத்தனை தடவை கொடுத்தது. இந்தக் கணக்கை வேறு எங்கும் பார்க்க முடியாது. உயிரோடு இருக்கும்போது பார்த்தால் ஆட்டம் கெட்டுவிடும் என்று அவள்தான் அப்படி வைத்தாள். அந்தப் பக்கம் மறைந்ததும் அடுத்த உருண்டைக்கான முட்டை வரும்.

சுவரில் ஒரு தாள் ஒட்டியிருந்தது. "ஏழு போனிலும் ஓடாதது வெளியே போகாது." அதையும் எழுதி ஒட்டியவள் அவளே.

*

புதன்கிழமை காலை முதலாளி மூச்சு வாங்க மாடியேறி வந்தார். அவருக்கு ஆபீசில் "அடுத்த வாரம்" என்று பெயர். எதைக் கேட்டாலும் அடுத்த வாரம் என்பார். குழாய் ஒழுகுவதைச் சொன்னாலும் அடுத்த வாரம்தான். ஆனால் இந்தத் தடவை அவரால் அப்படிச் சொல்ல முடியவில்லை. போன் தயாரிக்கிற கம்பெனி, கடைக்கு அனுப்பும் முன்பே விளையாட்டை உள்ளே ஏற்றித் தர ஒத்துக்கொண்டிருந்தது. வெள்ளிக்கிழமை மாலைக்குள் கொடுக்க வேண்டும். அதற்கு முன்னால் முந்நூறு பேருக்குச் சோதனைக்காகக் கொடுத்திருந்தார்கள். அந்தச் சோதனை முடிந்து அறிக்கை வந்திருந்தது.

"மத்த போன்ல எல்லாம் பத்துல ஆறு பேர் கடைசி வரைக்கும் விளையாடியிருக்காங்கம்மா," என்றார் தாளை அவள் மேஜையில் வைத்து. "இந்த ஒரு மாடல்ல மட்டும் மூணாம் நாளே மூட்டை கட்டிட்டாங்க. தொண்ணூறு பேர். ஒருத்தர் விடாம. என்னன்னு பாரு. அதிகமா விக்கிறதே அந்த மாடல்தான்."

அவள் மாடலின் பெயரைப் பார்த்தாள். காரணம் அந்த நிமிஷமே தெரிந்துவிட்டது. வேறொருத்தியாக இருந்தால் பதறிப்போயிருப்பாள். இவளுக்கு ஒன்றும் ஆகவில்லை. நான்கு மாதமாக எதைக் கேட்டாலும் இவளுக்கு ஒன்றும் ஆவதில்லை.

"பார்க்கறேன் சார்," என்றாள்.

சோதிக்கிறவர் தன் மேஜையிலிருந்து கண்ணாடிக்கு மேலாக எட்டிப் பார்த்தார். ஐம்பத்தைந்து வயது. முப்பது வருஷம் அச்சகத்தில் பிழை திருத்தியவர். அச்சகம் மூடியதும் இங்கே வந்து இரண்டு மாதம் ஆகிறது. கடிகாரம் மணி சொன்னால்கூட இன்னொரு கடிகாரத்தைப் பார்ப்பார் என்பதால் அவருக்குச் "சந்தேகம்" என்று பெயர். அவருக்கும் அது தெரியும். கோபித்துக்கொண்டதில்லை.

"அந்த மாடல் நம்மகிட்ட ஒண்ணுதானே மேடம் இருக்கு? ஏழாம் நம்பர்?"

"ஆமா சார்."

"அதை நான் தொட்டதே இல்லையே. நீங்கதானே டிக் போடறீங்க."

"ஆமா சார். நான்தான் போடறேன்."

 அவர் பென்சிலால் தாளின் ஓரத்தில் சின்னதாக ஒரு கேள்விக்குறி போட்டுவைத்தார்.

*

ஏழாம் நம்பர் போன் அவளுடைய அண்ணனுடையது.

அண்ணன் லிஃப்ட் மெக்கானிக். நாளெல்லாம் கட்டடங்களின் தொண்டைக்குள் இறங்கி கிரீஸும் கம்பியுமாகக் கிடப்பவன். நல்ல போன் எதுவும் அவன் கையில் ஆறு மாதம் தங்காது. எட்டாவது மாடியிலிருந்து ஒன்று விழுந்த பிறகு, "இனிமே விழுந்தா அழுகை வராத போன்தான்" என்று இருப்பதிலேயே மலிவான ஒன்றை வாங்கினான். நகத்தால் அழுத்தினால்தான் அதன் திரைக்கு உறைக்கும்.

அவன் ஆஸ்பத்திரியில் சேர்ந்த அன்று, பொழுதுபோகட்டும் என்று அவள்தான் அந்தப் போனில் உருண்டையை ஏற்றிக் கொடுத்தாள். அவன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். தங்கையை அவன் பொடிசு என்றுதான் கூப்பிடுவான்.

"என்ன பொடிசு இது, இடிச்ச புளி மாதிரி உட்கார்ந்திருக்கு? எங்க சூப்பர்வைசர் மாதிரியே இருக்கு."

அந்தப் பெயரையே வைத்தான். எட்டு எழுத்து வரை இடம் உண்டு. சூப்பர்வைசர் ஏழில் அடங்கிவிட்டார்.

"இது என்னதான் பண்ணும்?"

"பசிச்சா கேக்கும். கொடுத்தா குதிக்கும்ணா."

"குதிக்குமா? காலே இல்லையே?"

"குதிக்கும். பாரேன்."

அன்று மத்தியானமே ஆபரேஷன். இரண்டு மூன்று நாள் மயக்கத்தில் இருப்பான் என்றார்கள். தள்ளுவண்டியில் படுத்துக்கொண்டு அவன் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "நான் தூங்கிட்டா சூப்பர்வைசர் பட்டினி கிடப்பாரே?" சிரித்துக்கொண்டுதான் கேட்டான். ஆனால் அவள் ஆபீசுக்குப் போய் அதைச் சிரித்துக்கொண்டு யோசிக்கவில்லை. அண்ணன் மயக்கத்தில் இருந்து எழுந்து பார்க்கும்போது முதலில் கண்ணில் படுவது செத்துப்போன பிராணியாக இருக்கக் கூடாது. பசியைக் கணக்கிடுகிற இடத்தின் தலையிலேயே ஒரு வரி எழுதினாள். இந்த மாடல் போன் என்றால் பசி கிடையாது, அப்படியே திரும்பிப் போ. மலிவு போனிடம் நீ யார் என்று கேட்டால் மாடல் பெயரைத் தவிர வேறு எதையும் சொல்லத் தெரியாது. அதனால்தான் மாடல் பெயர். முதல் எட்டு மணி நேரம் முடிவதற்குள் அதை அவன் போனில் ஏற்றியும்விட்டாள். அவன் வீட்டுக்கு வந்ததும் எடுத்துவிடலாம் என்று நினைத்தாள்.

அவன் வீட்டுக்கு வரவில்லை. நாற்பத்தேழு நாள் ஆஸ்பத்திரியிலேயே இருந்தான். அவள் பார்க்கப் போகும்போதெல்லாம் கேட்பான்.

"ஏன் பொடிசு, குதிக்கும்னு சொன்னியே?"

"குதிக்கும்ணா. பொறு."

பசிக்காத உருண்டை குதிக்காது என்று அவளுக்குத் தெரியும். பசியை வைத்தால் அவன் தூங்கிக்கொண்டே இருக்கிற நாட்களில் அது செத்துப்போகும் என்றும் தெரியும். இரண்டில் ஒன்றைச் சொல்ல வேண்டும். அவள் மென்று விழுங்கினாள். அடுத்த தடவை அவன் கேட்டபோதும் பொறு என்றாள்.

அவன் போன பிறகு ஆஸ்பத்திரியில் ஒரு பையைக் கொடுத்தார்கள். சீப்பு, பனியன், மூக்குக் கண்ணாடி, போன். "போனை நீயே வச்சுக்கோ, எனக்கு அதைப் பார்க்க முடியாது" என்றாள் அண்ணி. சொந்தக்காரர்கள் எல்லாம் அழுதார்கள். அவள் அழவில்லை. கல்லு மாதிரி நிற்கிறாள் பார் என்று ஒரு சித்தி காதில் விழும்படியாகவே சொன்னாள். அவள் மூன்றாம் நாள் வேலைக்குப் போய், போனின் முதுகில் ஏழு என்று எழுதிய தாளை ஒட்டி, மற்ற ஆறோடு சேர்த்து வைத்தாள். அந்த மாடல் ஆபீசில் இல்லை, அதனால் வைத்தாள். யாராவது கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள். யாரும் கேட்கவில்லை.

அந்த ஒரு வரியை எடுக்க மறந்துபோனாள் என்றுதான் எல்லாரிடமும் சொல்ல முடியும். பொய் என்றும் அதைச் சொல்ல முடியாது. தினமும் காலையில் போனைத் திறப்பாள். சூப்பர்வைசர் கண்ணைத் திறந்து பார்ப்பார். டிக் போட்டு மூடிவிடுவாள். ஒரு தடவைகூட உணவுப் பொத்தானை அழுத்தியதில்லை. பசிக்காததற்கு எதற்குக் கொடுக்க வேண்டும்?

*

மத்தியானம் ஒன்று பத்துக்கு அண்ணி கூப்பிடுவாள். கண்ணாடிக் கடையில் ஃபிரேம் எடுத்துக் காட்டுகிற வேலை அவளுக்கு. சாப்பாட்டு இடைவேளையில் கடைக்குப் பின்னால் நின்று பேசுவாள். நான்கு மாதத்தில் ஒரு நாள் தவறியதில்லை.

வியாழக்கிழமையும் கூப்பிட்டாள்.

"சாப்பிட்டியா?"

"ஆச்சு அண்ணி."

"என்ன சாப்பிட்டே?"

"சாப்பாடுதான்."

மேஜையில் பிஸ்கட் பாக்கெட் பிரித்துக் கிடந்தது. அதில் இரண்டு குறைந்திருந்தது. அவள் பொய் சொல்கிறாள் என்று அண்ணிக்குத் தெரியும். தெரியும் என்று இவளுக்கும் தெரியும். ஒருவர் ஒரு பக்கம் கதவைத் தட்டுவதும் இன்னொருவர் உள்ளே ஆளில்லை என்று குரல் கொடுப்பதுமாக இது நடந்துகொண்டிருந்தது. அண்ணி முதல் மாதம் வாரத்துக்கு ஒரு முறை டப்பாவோடு வந்தாள். இவள் வாங்கிக்கொண்டு நன்றாக இருந்தது என்பாள். எதைக் கொண்டுவந்தாலும் அதே நன்றாக இருந்தது. ஒரு நாள் அண்ணி வேண்டுமென்றே உப்பே போடாமல் கொண்டுவந்து பார்த்தாள். அதுவும் நன்றாக இருந்ததாம். அதற்குப் பிறகு டப்பா வருவது நின்றது; போன் மட்டும் நிற்கவில்லை.

"ஞாயித்துக்கிழமை வாயேன்," என்றாள் அண்ணி.

"பார்க்கறேன் அண்ணி."

வழக்கமாக இங்கே முடிந்துவிடும். அன்றைக்கு அண்ணி வைக்கவில்லை.

"அவரோட போன் உன்கிட்டதானே இருக்கு?"

"ஆபீஸ்ல இருக்கு."

"அதை எனக்குக் கொடுத்துடு. அப்ப பார்க்க முடியாதுன்னு சொன்னேன். இப்ப பார்க்கலாம் போல இருக்கு. அதுல ஏதோ பந்து மாதிரி ஒண்ணு வச்சுக்கிட்டு எந்நேரமும் டொக்கு டொக்குன்னு தட்டிக்கிட்டே இருப்பாரு. கேட்டா, இன்னைக்கு குதிக்கும் பாருன்னுவாரு. கடைசி வாரத்துலகூட. எனக்கு அது குதிக்கறதைப் பார்க்கணும்."

அவள் கை நீட்டி ஏழாம் நம்பரை எடுத்தாள்.

"இருக்கியா?"

"இருக்கேன் அண்ணி. கொண்டு வரேன்."

போனை வைத்துவிட்டு அவள் ஏழாம் நம்பரைத் திறந்தாள். இப்படியே கொண்டுபோய்க் கொடுக்கலாம். அண்ணியும் தட்டுவாள். நாளைக்குக் குதிக்கும் என்று அண்ணியும் காத்திருப்பாள். தொண்ணூறு பேர் மூன்றாம் நாளே எழுந்து போனார்கள். அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது. எதையும் கேட்காத ஒன்றோடு எத்தனை நாள்தான் ஒருத்தர் மல்லுக்கட்டுவார்? அண்ணன் நாற்பத்தேழு நாள் இருந்தான். அண்ணி அதைவிட அதிக நாள் இருப்பாள். அது அவளுக்கு நன்றாகத் தெரியும்.

அன்று மாலை அந்த வரியை எடுத்தாள். எடுப்பதற்கு ஒரு நொடிதான் ஆனது.

எடுத்த பிறகுதான் கணக்கு இடித்தது. பசியைக் கணக்கிடுகிற இடத்தின் தலையிலேயே அந்த வரி இருந்ததால், கடைசியாக எப்போது சாப்பிட்டது என்ற நேரம் அதில் எழுதப்படவே இல்லை. அண்ணன் கொடுத்தது எதுவும் அந்த நேரத்தில் சேரவில்லை. புதிய விளையாட்டை ஏழாம் நம்பரில் ஏற்றித் திறந்தால், சூப்பர்வைசர் பிறந்த நாளிலிருந்து இன்றுவரை பட்டினி என்று எடுத்துக்கொள்ளும். நூற்றெழுபத்தேழு நாள். ஐந்து நாளில் சாகிற பிராணி.

ஒரே வழி இன்னொரு வரி. இந்த மாடல் போன் என்றால், இன்றிலிருந்து எண்ணத் தொடங்கு. சின்ன வரி. அவள் அதை எழுதினாள். எழுதிவிட்டுப் படித்தாள். முதல் வரிக்குப் பக்கத்தில் வைத்தால் அக்கா தங்கை மாதிரி இருக்கும். சோதனைக்கு வாங்கிய முந்நூறு பேரின் விளையாட்டும் தானே காலாவதியாகிவிட்டது. வெளியே எந்த உருண்டையும் உயிரோடு இல்லை. கடைக்குப் போகிற போன்களில் எல்லாம் புது முட்டைதான் இருக்கும். ஆக, இந்த வரி உலகத்தில் ஒரே ஒரு போனுக்காக. ஆனால் லட்சம் போன்களுக்குள் அது போய் உட்கார்ந்திருக்கும்.

அவள் அதை அழிக்கவும் இல்லை, வைக்கவும் இல்லை. மெஷினை அப்படியே மூடிவிட்டு பஸ் பிடிக்கப் போனாள்.

*

வெள்ளிக்கிழமை பத்தரைக்குள் சந்தேகம் ஆறு போன்களையும் முடித்துவிட்டார். ஆறு உருண்டைகளும் முறைப்படி செத்து, ஆறு முட்டைகள் வந்து, ஆறு டிக் விழுந்தன. முதலாளி படிக்கட்டுக்கும் ஜன்னலுக்குமாக நடந்துகொண்டிருந்தார்.

"ஏழுலயும் ஏத்திடலாமா மேடம்?"

"நான் பார்த்துக்கறேன் சார்."

"நீங்க பார்த்ததாலதானே மேடம்..." என்று தொடங்கியவர் நிறுத்திக்கொண்டார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "தப்பா எடுத்துக்காதீங்க. நாமளே எழுதினதை நாமளே திருத்தினா தப்பு கண்ணுக்குத் தெரியாது. அச்சகத்துல அப்படி ஒரு வழக்கம். எழுதினவர் ஒருத்தர், திருத்தறவர் ஒருத்தர். இதை நான் பார்க்கறேனே?"

"அது எங்க அண்ணன் போன் சார்," என்றாள் அவள்.

சொல்ல வேண்டும் என்று நினைத்துச் சொல்லவில்லை. டீ ஆறிப்போச்சு என்பதுபோல வந்துவிட்டது. சந்தேகம் கண்ணாடியை மாட்டிக்கொள்ள மறந்து அவளைப் பார்த்தார். ஜன்னல் பக்கம் நடந்துகொண்டிருந்த முதலாளியும் நின்றார். அவளுக்கு அண்ணன் ஒருத்தர் இறந்துபோனது இருவருக்கும் தெரியும். முதலாளி துக்கத்துக்கு வந்து தலைகுனிந்து நின்றுவிட்டுப் போயிருக்கிறார். அந்த அண்ணன் நான்கு மாதமாகத் தங்கள் மேஜையில் ஏழாம் நம்பராக இருந்தது தெரியாது.

"அப்ப அதை விட்டுடலாம்மா," என்றார் முதலாளி. "ஒரு போன்தானே. அந்த மாடல்ல வேற ஒண்ணு வாங்கிட்டு வந்து பார்த்துக்கலாம். அடுத்த..." என்று வாயெடுத்து, "சாயங்காலத்துக்குள்ள," என்று முடித்தார். அவர் அப்படித் திருத்திக்கொண்டதை அந்த ஆபீசில் யாரும் கேட்டதில்லை.

அவருடைய அன்புக்கு அவள் என்ன செய்ய வேண்டும் என்று தெரியாமல் தலையை ஆட்டினாள். வேறு போன் வாங்கலாம். அதில் புது முட்டை வரும், எட்டு மணி நேரத்தில் பசிக்கும், எல்லாம் சரியாக ஓடும். சூப்பர்வைசர் எதையும் கேட்காமல் டிராயருக்குள் கண்ணைத் திறந்துகொண்டு உட்கார்ந்திருப்பார். அண்ணி ஞாயிற்றுக்கிழமை அதை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு தட்டுவாள்.

மெஷினைத் திறந்தாள். நேற்று எழுதிய வரி அப்படியே இருந்தது. அதை அழித்தாள்.

"வேண்டாம் சார். ஏழு போன்லயும் ஓடணும்."

புதிய விளையாட்டு ஏறுவதற்கு இரண்டு நிமிஷம் பிடித்தது. மலிவு போன் அல்லவா, கரண்டியால் ஊட்டுவது போலக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் வாங்கிக்கொள்ளும். முடிந்ததும் அவளே நகத்தை வைத்து அழுத்தித் திறந்தாள். சந்தேகம் அவள் தோளுக்குப் பின்னால் பென்சிலோடு நின்றார். 

சூப்பர்வைசர் கண்ணைத் திறக்கவில்லை. முகத்தைச் சுளிக்கவும் இல்லை. நேராக ஆறாவது படம். கண்மூடிக் கிடப்பது. மூன்று நொடி அப்படியே இருந்துவிட்டு அந்தப் பக்கம் வந்தது.

சூப்பர்வைசர். 
இருந்தது: 178 நாள். 
கேட்டது: 0. 
கொடுத்தது: 914.

சந்தேகம் குனிந்து பார்த்தார். ஒரு தரம் படித்தார். பழக்கதோஷத்தில் விரலை வைத்து இன்னொரு தரம் படித்தார்.

"இதுல தப்பு இருக்கு மேடம். மத்த ஆறுலயும் கேட்டது ஜாஸ்தியா இருக்கும், கொடுத்தது கம்மியா இருக்கும். இது ஒரு தடவைகூடக் கேக்கல. கேக்காம தொள்ளாயிரத்துச் சொச்சம் தடவை யாராவது கொடுப்பாங்களா?"

அவள் அந்த எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாற்பத்தேழு நாள். மயக்கத்தில் கிடந்த நாட்களைத் தள்ளிவிட்டால் ஒரு நாளைக்கு இருபதுக்கு மேல். வலது கையில் ஊசி ஏறிக்கொண்டிருந்தது. இடது கைக் கட்டைவிரல் நகத்தால்தான் அழுத்தியிருக்க வேண்டும். அந்தத் திரை லேசில் கேட்காது. ஒரு தடவைக்கு இரண்டு மூன்று முறை அழுத்த வேண்டியிருக்கும். அழுத்தினால் அது வாயைத் திறந்து மூடும். நன்றியும் கிடையாது, துள்ளலும் கிடையாது. மறுபடியும் அழுத்தியிருக்கிறான்.

அவளுக்குக் கண் எரிந்தது. முதலில் தூசி என்று நினைத்தாள். துடைத்துப் பார்த்தாள், போகவில்லை.  நான்கு மாதமாக எங்கே போயிருந்தான் என்று தெரியாத அண்ணன், அந்த ஓட்டை போனின் திரையில் மூன்று இலக்க எண்ணாக வந்து நின்றான். அவனை நினைத்து அவளுக்கு அவ்வளவு துக்கமாக இருந்தது. மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"தப்பு இல்ல சார்," என்றாள்.  "அது சரிதான். டிக் போடுங்க."

சந்தேகம் அவள் முகத்தைப் பார்த்தார். வாழ்க்கையிலேயே முதல் தடவையாக இன்னொரு தரம் சரிபார்க்காமல் டிக் போட்டார். முன்னால் போட்டிருந்த கேள்விக்குறியை ரப்பரால் அழித்து, தூசியை ஊதிவிட்டு, முதலாளியைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு டீ குடிக்கக் கீழே இறங்கினார். முதலாளி ஏற்கெனவே இரண்டு டீ குடித்திருந்தார்.

அவள் தனியாக உட்கார்ந்து அழுதாள். கீழே டயர் கடையில் காற்றடிக்கிற மெஷின் ஓடிக்கொண்டிருந்ததால் அது யாருக்கும் கேட்டிருக்காது. ஏழாம் நம்பர் போனில் அந்தப் பக்கம் தானாக மறைந்து, மற்ற ஆறைப் போலவே ஒரு வெள்ளை முட்டை வந்தது. பெயர் என்ன என்று கேட்டுக்கொண்டு காலிக் கட்டம் ஒன்று மின்னிக்கொண்டிருந்தது. அவள் அதில் எதுவும் எழுதவில்லை. அது அண்ணி எழுத வேண்டியது.

பன்னிரண்டு மணிக்குப் போன் கம்பெனிக்கு எல்லாவற்றையும் அனுப்பினாள். முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். அப்போதுதான் வயிற்றில் ஏதோ பிசைந்தது. என்னவென்று உடனே பிடிபடவில்லை. காலையில் எதுவும் சாப்பிடவில்லை. நேற்று இரண்டு பிஸ்கட். அதற்கு முன்தினம் என்ன என்று நினைவில்லை. பாக்கெட்டை எடுத்தாள், பிறகு மூடி வைத்துவிட்டாள்.

ஒன்று பத்துக்குப் போன் அடித்தது.

"சாப்பிட்டியா?" என்றாள் அண்ணி. பின்னால் கண்ணாடிக் கடையின் பின்கதவு கிறீச்சிட்டது.

"இல்ல அண்ணி."

 வழக்கமான பதில் வராததால் அண்ணிக்கு அடுத்த கேள்வி மறந்துபோயிருக்க வேண்டும்.

"பசிக்குது அண்ணி," என்றாள் அவள். "ரொம்பப் பசிக்குது."

"அய்யய்யோ! இரு, இரு!" என்று அண்ணி கத்தினாள். அந்தக் குரலில் அப்படி ஒரு சந்தோஷம். ஏதோ கீழே விழுந்து உருண்டது. ஃபிரேம் பெட்டியாக இருக்கலாம். "அக்கா, நான் ஒரு ரெண்டு மணி நேரம் வெளிய போயிட்டு வரேன், என் நாத்தனாருக்குப் பசிக்குதாம்!" என்று கடைக்குள் யாரிடமோ சொல்வது கேட்டது. பிறகு மறுபடியும் இவளிடம், மூச்சிரைக்க, "வீட்டுக்குப் போயி எடுத்துக்கிட்டு முக்கால் மணி நேரத்துல வந்துடுவேன். என்ன வேணும் சொல்லு? எதுவா இருந்தாலும் சொல்லு. அது வரைக்கும் ரெண்டு பிஸ்கட்டாவது வாயில போட்டுக்கோ, கேட்டியா?"

"வேண்டாம் அண்ணி," என்றாள் அவள். "நீங்க வர்ற வரைக்கும் பசியோடவே இருக்கேன்."

போனை வைத்துவிட்டு, தண்ணீர்க் கேனைத் தூக்கிக் கீழே வைத்து, அந்த நான்காவது மேஜையைத் துடைக்க ஆரம்பித்தாள்.